ஒரு வீடு, இரண்டு விலை

சொந்த வீடு வாங்கியவர் யாரிடமாவது வீட்டின் விலையைக் கேளுங்கள், உடனே சொல்வார். மாதத் தவணையைக் கேளுங்கள். எந்தத் தேதியில் கணக்கிலிருந்து எடுக்கிறார்கள் என்பது வரை சொல்வார். கடன் முடிகிற நாளில் மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பீர்கள் என்று கேளுங்கள். பெரும்பாலானவர்களிடம் பதில் இருக்காது. வாழ்நாளின் ஆகப் பெரிய செலவு எவ்வளவு என்பது செலவு செய்பவருக்கே தெரியாமல் இருக்கிறது.

இதை அவர்களுடைய கவனக்குறைவு என்று சொல்லிவிட முடியாது. வீட்டுக்கடன் விற்கப்படும் விதமே அப்படி. சென்னையில் ஓ.எம்.ஆரிலும் ஜி.எஸ்.டி. சாலையிலும் நிற்கும் விளம்பரப் பலகைகளில் மாதம் இவ்வளவுதான் என்ற எண்தான் கொட்டை எழுத்தில் இருக்கிறது. கடன் பிரிவில் உட்கார்ந்ததும் வரும் முதல் கேள்வி, "மாசம் எவ்வளவு கட்ட முடியும்?" என்பதுதான். சம்பளத்தை வைத்துத் தவணை, தவணையை வைத்துக் கடன் தொகை, கடன் தொகையை வைத்து வீடு என்று கணக்கு தலைகீழாக வருகிறது. தவணை கொஞ்சம் கூடுதலாகத் தெரிந்தால், "இன்னும் அஞ்சு வருஷம் சேர்த்துக்கலாம் சார்" என்ற யோசனை வரும். அந்த ஐந்து வருடத்துக்கு என்ன விலை என்று யாரும் சொல்வதில்லை. கேட்கவும் தோன்றுவதில்லை. ஆனால் வீட்டுக்கடனின் உண்மையான விலையைத் தீர்மானிப்பது பெரும்பாலும் அந்த ஆண்டுக் கணக்குதான்.

ஒரு கணக்கை வைத்துக்கொண்டு பேசுவோம். மேடவாக்கம் பக்கம் கட்டி ஐந்தாறு வருடம் ஆன ஒரு ஃபிளாட், விலை 65 லட்சம் ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். அதற்கு 50 லட்சம் வீட்டுக்கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டுகள். மாதத் தவணை 43,391 ரூபாய். வட்டி விகிதம் ஒருமுறைகூட மாறாது என்றே கொண்டாலும், 240 தவணைகளின் கூட்டுத்தொகை 1 கோடியே 4 லட்சத்தைத் தாண்டுகிறது. வாங்கியது 50 லட்சம். வட்டி மட்டும் 54 லட்சம்.

இதே கடனை 30 ஆண்டுக்கு நீட்டினால் தவணை 38,446 ரூபாயாகக் குறையும். மாதம் ஏறக்குறைய 5,000 ரூபாய் மிச்சம். கேட்க இதமாக இருக்கும். ஆனால் மொத்த வட்டி 88 லட்சத்தைத் தாண்டிவிடும். மாதம் 5,000 ரூபாய் இலகுவுக்காக இன்னும் 34 லட்சம். மாறாக 15 ஆண்டில் முடிப்பதாக இருந்தால் தவணை 49,237 ரூபாய். இருபதாண்டுக் கடனைவிட மாதம் 5,846 ரூபாய் அதிகம்; வட்டியோ 38.6 லட்சத்தோடு நின்றுவிடும். வீடு ஒன்றுதான், விகிதமும் ஒன்றுதான். வட்டித் தொகை மட்டும் 38 லட்சத்திலிருந்து 88 லட்சம் வரை போய் வருகிறது.

35 வயதில் 30 ஆண்டுக் கடன் எடுப்பவர் 65 வயது வரை தவணை கட்டுவார். தமிழ்நாட்டு அரசு ஊழியரின் ஓய்வு வயது 60. கடைசி ஐந்து ஆண்டுத் தவணையை ஓய்வூதியத்திலிருந்தோ பிள்ளைகளின் சம்பளத்திலிருந்தோதான் கட்ட வேண்டியிருக்கும். கையெழுத்துப் போடும் அன்று இந்தக் கணக்கைப் பற்றி வீட்டில் பேசிக்கொள்ளும் குடும்பங்கள் குறைவு.

முதல் ஏழு ஆண்டுகள்

தவணை என்பது மாதாமாதம் ஒரே தொகை. அதன் உள்ளே இருக்கும் வட்டியும் அசலும் ஒவ்வொரு மாதமும் மாறிக்கொண்டே இருக்கும். நம் எடுத்துக்காட்டில் முதல் மாதம் கட்டும் 43,391 ரூபாயில் 35,417 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 7,974 ரூபாய் மட்டுமே. முதல் ஆண்டு முழுக்க 5 லட்சத்து 20 ஆயிரம் கட்டியபின், கடன் குறைந்திருப்பது ஒரு லட்சம்கூட இல்லை.

ஐந்தாண்டு முடிகிறது. இதுவரை கட்டியது 26 லட்சம். பாக்கி என்ன என்று பார்த்தால் 44 லட்சம். பத்தாண்டு முடிகிறது. பாதிக் காலம் போய்விட்டது, 52 லட்சம் கட்டியாகிவிட்டது. வாங்கிய தொகையைவிடவே அதிகம். பாக்கி இன்னும் 35 லட்சம். கடன் சரிபாதியாக, அதாவது 25 லட்சமாகக் குறைவது பதினான்காம் ஆண்டு முடியப்போகும் தறுவாயில்தான்.

இதில் மோசடி எதுவும் இல்லை. பாக்கி அசலுக்கு மட்டுமே வட்டி போடுகிறார்கள். தொடக்கத்தில் பாக்கி அதிகம், அதனால் வட்டியும் அதிகம். கணக்கு நேர்மையானது. ஆனால் அதன் விளைவு பலருக்கும் தெரிவதில்லை. ஆறேழு ஆண்டில் வீட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்குப் போகிறவர், "வாடகை கொடுத்து வீணாக்குவதற்குப் பதில் தவணை கட்டினேன்" என்று நினைத்துக்கொண்டிருப்பார். அந்த ஆண்டுகளில் அவர் கட்டியதில் முக்கால் பங்குக்கு மேல் வங்கிக்குக் கொடுத்த வாடகைதான். நம் மேடவாக்கம் ஃபிளாட்டுக்கு மாத வாடகை 18,000 ரூபாய் என்று வைத்தால், வட்டியாகப் போகும் 35,417 ரூபாய் அதைப்போல ஏறக்குறைய இரு மடங்கு. வீட்டு விலை நன்றாக ஏறியிருந்தால் இந்த வித்தியாசம் ஈடாகும், ஏறாவிட்டால் ஆகாது. பத்தாண்டுக்குள் ஊர் மாறும் வாய்ப்பு இருக்கிறவர், வாடகையையும் வட்டியையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்க்காமல் கடன் எடுக்கக் கூடாது என்பது என் உறுதியான கருத்து.

கட்டி முடியாத ஃபிளாட் வாங்குகிறவர்களுக்கு இதற்கு முன்னாலேயே ஒரு கட்டம் உண்டு. கட்டடம் எழ எழ வங்கி பகுதி பகுதியாகப் பணம் தரும். கொடுத்த தொகைக்கு வட்டியை மட்டும் வசூலிக்கும். 'ப்ரீ-இ.எம்.ஐ.' என்பது இதுதான். இரண்டு வருடத்தில் தருவதாகச் சொன்ன வீடு நான்கு வருடம் இழுத்தால், அந்த நான்கு வருடமும் கட்டிய பணத்தில் ஒரு ரூபாய்கூட அசலில் கழியாது. இருக்கும் வீட்டுக்கு வாடகையும் தனியாகப் போய்க்கொண்டிருக்கும். முழுத் தவணையையும் தொடக்கத்திலிருந்தே கட்டும் வழியை வங்கியிடம் கேட்டுப் பெறலாம். கையில் முடிந்தால் அதுவே மேல்.

2022 கற்றுத்தந்த பாடம்

இதுவரை பார்த்ததெல்லாம் வட்டி விகிதம் மாறாது என்று வைத்துப் போட்ட கணக்கு. நம் நாட்டில் வீட்டுக்கடன் பெரும்பாலும் ஃப்ளோட்டிங் வட்டியில்தான் தரப்படுகிறது. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய ஃப்ளோட்டிங் வீட்டுக்கடன்களை, ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் ரெப்போ விகிதம் போன்ற ஒரு வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும் என்றும், மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியை மாற்றியமைக்க வேண்டும் என்றும் ரிசர்வ் வங்கி விதித்தது. வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்த விதி இல்லை. அவை தங்கள் அடிப்படை விகிதத்தைத் தாங்களே வைத்துக்கொள்கின்றன.

கொரோனா காலத்தில் ரெப்போ விகிதம் 4 சதவீதமாக இருந்தது. 2021இல் பல வங்கிகள் 6.7 சதவீதத்தை ஒட்டி வீட்டுக்கடன் கொடுத்தன. இவ்வளவு மலிவாக இனிக் கிடைக்காது என்று விளம்பரம் வந்தது. லட்சக்கணக்கானோர் அந்த நம்பிக்கையில் கடன் எடுத்தார்கள். 2022 மே மாதத்தில் வழக்கமான கூட்டத்துக்குக் காத்திராமல் ரிசர்வ் வங்கி விகிதத்தை உயர்த்தத் தொடங்கியது. 2023 பிப்ரவரியில் ரெப்போ 6.5 சதவீதம். ஒன்பதே மாதத்தில் இரண்டரைச் சதவீதப் புள்ளி ஏறியிருந்தது.

அந்த ஏற்றம் ஒரு தனிக் கடனை என்ன செய்தது என்று பாருங்கள். 2021 நடுவில் 50 லட்சம், 6.75 சதவீதம், 20 ஆண்டு. தவணை 38,018 ரூபாய். 2023 தொடக்கத்தில் பாக்கி சுமார் 48 லட்சம் என்று கொள்வோம். விகிதம் இப்போது 9.25. ஒரு மாத வட்டியே 37,000 ரூபாய். தவணை அதேதான் என்றால் அசலுக்குப் போவது ஆயிரம் ரூபாய் மட்டும். அந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் 39 ஆண்டு ஆகும். பதினெட்டு ஆண்டு சொச்சத்தில் முடிந்திருக்க வேண்டிய கடன் அது. பழைய காலக்கெடுவிலேயே முடிக்க வேண்டுமானால் தவணை 45,379 ரூபாயாக உயர வேண்டும். மாதம் 7,361 ரூபாய் கூடுதல்.

பல கடன்தாரர்களுக்கு இது தெரியவே இல்லை. கணக்கிலிருந்து எடுக்கும் தொகை மாறாததால் எல்லாம் பழையபடி இருப்பதாக நினைத்துக்கொண்டார்கள். தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டுவதுதான் கடன் கொடுத்தவர்களுக்கு எளிது. கடன்தாரர் சண்டைக்கு வர மாட்டார், கணக்கும் வாராக்கடனாகாது. எனக்கு இதில் கோபம் உண்டு. ஒரு குடும்பத்தின் பத்திருபது ஆண்டு வருமானத்தைப் பாதிக்கும் முடிவை, ஒரு குறுஞ்செய்தியின் கடைசி வரியில் வைத்து முடித்துவிடுவது நியாயம் ஆகாது.

ரிசர்வ் வங்கிக்கும் புகார்கள் போயின. 2023 ஆகஸ்ட் 18 அன்று அது வெளியிட்ட சுற்றறிக்கையில் விதிகள் தெளிவாக இருக்கின்றன. வட்டி மாறும்போது தவணை உயருமா, காலம் நீளுமா என்பதைக் கடன்தாரருக்குச் சொல்ல வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை அவருடையது. இடையில் ஒரு பகுதியையோ முழுவதையுமோ கட்டவும் வழி இருக்க வேண்டும். கட்டும் தவணை வட்டிக்கே போதாமல் அசல் ஏறிக்கொண்டு போகும் நிலை வரக் கூடாது. ஒவ்வொரு காலாண்டும், இதுவரை வசூலான அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்ற அறிக்கையைத் தர வேண்டும். அந்த அறிக்கையில் முதலில் பார்க்க வேண்டியது கடைசியாகச் சொன்ன எண்ணைத்தான். போன காலாண்டைவிட மூன்று குறைந்திருக்க வேண்டும். குறையவில்லை என்றால் அன்றே கிளைக்குப் போங்கள்.

2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரெப்போ 6.5இலிருந்து 5.5 சதவீதத்துக்கு இறங்கியது. விகிதம் இறங்கும்போது தவணையைக் குறைக்கச் சொல்லிக் கேட்பது இயல்பு. குடும்பச் செலவு நெருக்கினால் தவிர கேட்காதீர்கள். பழைய தவணையையே கட்டிக்கொண்டு போனால் 2022இல் கூடிய ஆண்டுகள் தாமாகக் கழியத் தொடங்கும்.

கைப்பணம் எங்கிருந்து வருகிறது?

ரிசர்வ் வங்கி விதிப்படி 30 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 90 சதவீதம் வரை தரலாம். 30 முதல் 75 லட்சம் வரை 80 சதவீதம். அதற்கு மேல் 75. பத்து லட்சத்துக்கு உட்பட்ட வீடுகளைத் தவிர, பத்திரப்பதிவுச் செலவை வீட்டு மதிப்பில் சேர்த்துக் கடன் தரக் கூடாது. நம் 65 லட்ச ரூபாய் ஃபிளாட்டுக்கு 50 லட்சம் கடன் போக, 15 லட்சம் முன்பணம் கையிலிருந்து போக வேண்டும். தமிழ்நாட்டில் மறுவிற்பனை வீட்டுக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். சேர்ந்து 5 லட்சத்து 85 ஆயிரம். தரகு, வக்கீலின் லீகல் ஒப்பீனியன், ஆவண எழுத்தர், வங்கியின் பிராசஸிங் கட்டணம், அதன்மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி., வங்கியில் பத்திரத்தை வைத்ததற்கான எம்.ஓ.டி. பதிவு எல்லாம் சேர்ந்தால் கைப்பணம் 22 லட்சத்தை நெருங்கிவிடும்.

நடுத்தரக் குடும்பம் இந்த 22 லட்சத்தை எப்படித் திரட்டுகிறது என்று பார்த்தால்தான் வீட்டின் இரண்டாவது விலை முழுதாகத் தெரியும். மனைவியின் நகை அடகுக்குப் போகிறது. அதற்கு வட்டி பொதுவாக வீட்டுக்கடனைவிட அதிகம். வருடா வருடம் வட்டியைக் கட்டித் திருப்பி வைக்கும் நகை பல வீடுகளில் மீளாமலே போவதும் உண்டு. இன்னும் குறைந்தால் தனிநபர் கடன். அதன் வட்டி இரட்டை இலக்கத்தில். அடுத்து பி.எஃப். அதிலிருந்து எடுப்பதைக் கடன் என்று யாரும் நினைப்பதில்லை, சொந்தப் பணம்தானே என்பார்கள். 2023-24க்கும் 2024-25க்கும் பி.எஃப். வட்டி 8.25 சதவீதம். இதே விகிதம் நீடித்தால், இன்று எடுக்கும் 5 லட்சம் இருபது ஆண்டில் 24 லட்சமாகியிருக்கும். ஓய்வுக்காலத்துக்கு வந்திருக்க வேண்டிய அந்தத் தொகையை வீட்டின் விலையில் யாரும் எழுதிக்கொள்வதில்லை.

இந்த நெருக்கடிக்கு நடுவில்தான் கடன் காப்பீடு வரும். "லோன் சாங்ஷன் ஆகணும்னா இதுவும் எடுக்கணும்" என்று ஒரு படிவம் நீட்டப்படும். கடன் வாங்கியவர் இறந்துபோனால் குடும்பத்தைக் காக்க ஒரு காப்பீடு கட்டாயம் வேண்டும். அதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை. ஆனால் வங்கி விற்கும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று சட்டம் இல்லை. அந்தப் பாலிசியின் பிரீமியம் ஒன்றரை லட்சம் என்று வைத்து, அதையும் கடனோடு சேர்த்துவிட்டால், அதற்கும் 20 ஆண்டு வட்டி ஏறி 3 லட்சத்து 12 ஆயிரம் ஆகும். பல கடன் பாலிசிகளில் கடன் குறையக் குறையக் காப்புத் தொகையும் குறையும். வெளியில் ஒரு டெர்ம் பாலிசி எடுத்து, பிரீமியத்தை ஆண்டுக்கு ஆண்டு கட்டுவது பெரும்பாலும் மலிவு. கடன் முடிந்த பின்னும் அது தொடரும்.

2024 அக்டோபர் 1 முதல் ஒவ்வொரு சில்லறைக் கடனுக்கும் முக்கிய விவர அறிக்கை ஒன்றைத் தர வேண்டும் என்பது விதி. கட்டணங்களையும் சேர்த்த ஆண்டுச் செலவு விகிதமும், மொத்தம் கட்ட வேண்டிய தொகையும் அதில் இருக்கும். கையெழுத்துப் போடும் இடங்களை மட்டும் பென்சிலால் வட்டமிட்டுக் கொடுக்கும் அந்தக் கட்டுக் காகிதங்களில், இந்தச் சில பக்கங்களையாவது வீட்டுக்கு எடுத்துப்போய் இரண்டு பேராக உட்கார்ந்து படியுங்கள்.

வரிக்காகக் கடன் என்ற பழைய கணக்கு

"வீட்டுக்கடன் போடுப்பா, டாக்ஸ் மிச்சமாகும்" என்று அலுவலகத்தில் மூத்தவர்கள் சொன்ன காலம் ஒன்று இருந்தது. பழைய வரிமுறையில், குடியிருக்கும் வீட்டின் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிக்கலாம். கணவனும் மனைவியும் வீட்டுக்கும் கடனுக்கும் பங்குதாரர்களாக இருந்தால் ஆளுக்கு 2 லட்சம். 30 சதவீத வரி வரம்பில் இருப்பவருக்கு இதனால் மிச்சம் 62,400 ரூபாய். நம் கடனில் முதல் ஆண்டு வட்டி 4 லட்சத்து 21 ஆயிரம் என்பதை மறக்க வேண்டாம். புதிய வரிமுறையில் குடியிருக்கும் வீட்டு வட்டிக்கு இந்தக் கழிவே கிடையாது; இப்போது அதுதான் இயல்பு முறை, வருமானம் 12 லட்சம் வரை உள்ளவருக்கு அதில் வரியும் இல்லை. சம்பளக்காரர்களில் பலருக்கு வரிச்சலுகை என்ற காரணமே போய்விட்டது. அதைச் சொல்லி இன்னும் கடன் விற்கிறார்கள் என்றால், கேட்பவர்தான் எச்சரிக்கையாக இருக்க வேண்டும்.

முன்னால் கட்டுவது

ஒரு கோடி என்ற எண்ணைப் பார்த்துப் பயந்துபோகவும் வேண்டாம். இருபதாம் ஆண்டில் கட்டும் 43,391 ரூபாய் இன்றைய 43,391 அல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், அது இன்றைய 16,000 ரூபாய் சொச்சத்துக்குச் சமம். சம்பளமும் ஏறியிருக்கும். வீடு நமக்கென்று இருப்பதன் நிம்மதிக்கும், வீட்டுக்காரர் காலி செய்யச் சொல்ல மாட்டார் என்ற தைரியத்துக்கும் மதிப்பு உண்டு. பிள்ளைகளின் பள்ளிக்கூடத்தை மாற்ற வேண்டியதில்லை என்பதற்கும் உண்டு. கடன் வாங்காதீர்கள் என்பது இந்தக் கட்டுரையின் வாதம் அல்ல. கடனை வங்கி போட்டுக்கொடுத்த காலம் முழுக்க இழுத்துக்கொண்டு போக வேண்டியதில்லை என்பதுதான்.

நம் கடனில் முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் ரூபாய் கூடுதலாகக் கட்டுகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். கடைசியில் 11 தவணை கழிந்துவிடும். நிகர மிச்சம் ஏறக்குறைய 3 லட்சத்து 80 ஆயிரம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் 50,000 ரூபாய் அளவுதான். முன்னால் கட்டும் பணத்துக்கு இருக்கும் வலிமை பின்னால் கட்டும் பணத்துக்கு இல்லை. பலரும் நேர்மாறாகச் செய்கிறார்கள்: முதல் சில வருடங்கள் கடனை மறந்திருந்து, ஓய்வுபெறும்போது வரும் பணத்தில் மொத்தமாக அடைக்கிறார்கள். அப்போது வட்டியில் பெரும்பகுதி ஏற்கெனவே போயிருக்கும்.

ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்ட முடிந்தால், தீபாவளி போனஸிலிருந்தோ ஊக்கத்தொகையிலிருந்தோ, கடன் 16 ஆண்டு 9 மாதத்தில் முடிந்துவிடும். வட்டியில் சுமார் 10 லட்சம் மிச்சம். சம்பளம் உயரும்போதெல்லாம் தவணையையும் ஆண்டுக்கு 5 சதவீதம் உயர்த்திக்கொண்டே போனால் 12 ஆண்டு சொச்சத்தில் முடியும். மிச்சம் 19 லட்சத்துக்கு மேல். இந்த இரண்டாவது வழியையே நான் பரிந்துரைப்பேன். முதல் ஆண்டில் வெறும் 2,170 ரூபாய் கூடுதல். சம்பள உயர்வு கைக்கு வந்து செலவில் கரையும் முன்பே அதில் ஒரு பங்கு கடனுக்குப் போய்விடும்.

ஃப்ளோட்டிங் வட்டியில் தனிநபர் எடுத்த வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கிகள் அபராதம் வசூலிக்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012லேயே தடை விதித்துவிட்டது. அபராதம் கேட்பார்களோ என்ற பயத்தில் சும்மா இருக்க வேண்டியதில்லை. கட்டும்போது ஒன்றை எழுத்தில் கேட்டு வாங்குங்கள்: தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள் என்று. கேட்காவிட்டால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிட்டுக் காலத்தை அப்படியே வைத்துவிடுவார்கள்.

கையில் இருக்கும் அத்தனை பணத்தையும் கடனில் போடுவதும் ஆபத்து. ஆறு மாதத் தவணைக்கும் குடும்பச் செலவுக்கும் ஆன தொகை தனியாக இருக்க வேண்டும். வேலை போய், 90 நாளுக்கு மேல் தவணை நின்றால் கணக்கு வாராக்கடன் ஆகிவிடும். 2002ஆம் ஆண்டு சர்ஃபேசி சட்டப்படி, நீதிமன்றத்துக்குப் போகாமலேயே 60 நாள் நோட்டீஸ் கொடுத்து வீட்டைக் கையகப்படுத்தும் அதிகாரம் வங்கிக்கு உண்டு. நகைக்கடனும் தனிநபர் கடனும் இருந்தால் முதலில் அவற்றை அடையுங்கள். அதிக வட்டிக் கடனை வைத்துக்கொண்டு குறைந்த வட்டிக் கடனை அடைப்பதில் பயன் இல்லை. வீட்டுக்கடனை அடைப்பதற்குப் பதில் மியூச்சுவல் ஃபண்டில் போடலாமே என்று கேட்பவர்கள் உண்டு. நீண்ட காலத்தில் பங்குச் சந்தை அதிகம் தரலாம். ஆனால் கடனில் கட்டும் பணம் 8.5 சதவீத வட்டியை நிச்சயமாகத் தவிர்க்கிறது. அதற்கு வரியும் இல்லை. இறங்கும் சந்தையைப் பார்த்துத் தூக்கம் கெடுகிறவர் கடனையே அடைக்கட்டும்.

வேறு வங்கிக்குக் கடனை மாற்றும் பேலன்ஸ் டிரான்ஸ்ஃபர் பற்றியும் ஒரு வார்த்தை. 40 லட்சம் பாக்கி, 15 ஆண்டு மீதம், வட்டியில் அரைச் சதவீத வித்தியாசம் என்றால் மாதம் 1,181 ரூபாய், மொத்தம் 2 லட்சத்துக்கு மேல் மிச்சம். ஆனால் பழைய வங்கியின் கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணம், புதிய வங்கிக்கு எம்.ஓ.டி. பதிவு, மறுபடியும் லீகல், வேல்யுவேஷன், பிராசஸிங் என்று செலவு வரிசைகட்டும். அதையெல்லாம் கழித்துப் பாருங்கள். அதற்கும் முன், இருக்கும் வங்கியிலேயே புதிய வாடிக்கையாளருக்கு என்ன விகிதம் தருகிறார்கள் என்று கேளுங்கள். பழைய அடிப்படை விகிதத்தில் சிக்கியிருக்கும் பழைய கடன்தாரர், ஒரு கட்டணம் கட்டிப் புதிய விகிதத்துக்கு மாறிக்கொள்ள முடியும். கேட்டால் மட்டுமே நடக்கும் காரியம் அது. மாறும்போது மீதமுள்ள 15 ஆண்டை மறுபடியும் 20 ஆக்கிவிட அனுமதிக்காதீர்கள். வட்டியில் மிச்சம் பிடித்ததெல்லாம் அதில் போய்விடும்.

கடைசித் தவணைக்குப் பிறகு

கடனைக் கட்டி முடித்ததும் வேலை முடியவில்லை. மூலப் பத்திரங்களை 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும், கடன் கொடுத்தவர் பக்கத்துத் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று 2023 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. அந்த ஆண்டு டிசம்பர் 1 முதல் அது நடைமுறையில் இருக்கிறது. கடன் எடுக்கும்போது ஒப்படைத்த ஆவணங்களின் பட்டியலை வங்கி முத்திரையோடு வாங்கி வைத்திருந்தால்தான், திரும்பி வருவதில் எது குறைகிறது என்று சொல்ல முடியும். தாய்ப் பத்திரம் ஒன்று குறைந்தாலும் நாளை வாங்க வருகிறவர் தயங்குவார்.

பத்திரம் கைக்கு வந்ததோடு பலர் நிறுத்திவிடுகிறார்கள். எம்.ஓ.டி. பதிவு செய்த கடனுக்கு, வங்கி அதிகாரி சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வந்து ரசீது ஆவணத்தில் கையெழுத்திட்டுப் பதிய வேண்டும். அதைச் செய்யாவிட்டால், கடன் தீர்ந்து எத்தனை ஆண்டு ஆனாலும் வில்லங்கச் சான்றில் வீடு அடமானத்தில் இருப்பதாகவே காட்டும். அதற்குள் கிளை இடம் மாறியிருக்கலாம், வங்கியே இன்னொரு வங்கியோடு இணைந்திருக்கலாம். விவரம் தெரிந்த அதிகாரியைத் தேடிப் பிடிக்கவே மாதக்கணக்கில் ஆகும். கடைசித் தவணை கட்டிய மாதத்திலேயே கிளை மேலாளரிடம் தேதி வாங்கி, ரசீதைப் பதிந்து, பதிவுத்துறை இணையதளத்தில் புதிய வில்லங்கச் சான்றுக்கு விண்ணப்பித்து, அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.